பிள்ளையின் பாட்டு எப்போது சம்பாதிக்கலாம்? – வாசகர் கேள்வி பதில்

இசை கற்கும் பிள்ளைகளைப் பற்றி இந்தப் பகுதிக்கு வந்த கடிதங்களில் மூன்றை மட்டும் இம்முறை எடுத்துக்கொண்டிருக்கிறேன். எழுதிய மூவரும் நடிப்பைத் தொழிலாகக் கொண்டவர்கள். மூவரும் தனியாக நின்று பிள்ளை வளர்ப்பவர்கள். அவர்கள் விருப்பப்படி பெயர்களை வெளியிடவில்லை.

கேள்வி: அன்புள்ள அம்மாவுக்கு வணக்கம். நான் மதுரைப் பக்கத்தில் ஸ்பெஷல் நாடகங்களில், அதாவது ஒவ்வோர் இரவுக்கும் தனித்தனியாக நடிகர்களைப் பேசி நடத்தும் நாடகங்களில், ஸ்திரீபார்ட் எனும் கதாநாயகி வேடம் நடிப்பவள். வள்ளி, பவளக்கொடி, அல்லி, சந்திரமதி என்று நான் கட்டாத வேடம் இல்லை. பங்குனி பிறந்தால் திருவிழாக் காலம் தொடங்கிவிடும். இரவு பத்து மணிக்கு மேல் மேடை ஏறினால் விடியும்போதுதான் வேடம் கலைப்போம். அதன் பிறகு மாதக்கணக்கில் கையில் தேதியே இருக்காது. கணவர் எங்களை விட்டுப் போய்ப் பல ஆண்டுகள் ஆகின்றன. ஒரே மகன்; பதினொரு வயது; ஆறாம் வகுப்பு படிக்கிறான். பார்த்துக்கொள்ள ஆள் இல்லாததால் கைக்குழந்தையாக இருந்தபோதே அவனை நாடகத்துக்குத் தூக்கிச் செல்வேன். ஆர்மோனியப் பெட்டிக்குப் பக்கத்தில் துண்டை விரித்துப் படுக்கவைத்துவிட்டு மேடைக்குப் போவேன். அப்படித்தான் அவனுக்குப் பாட்டு ஒட்டிக்கொண்டது போலும்.

சென்ற தை மாதம் ஒரு கிராமத்தில் நாடகம். பனியில் ஊறி ஆர்மோனியத்தில் ஒரு கட்டை அமுங்கியபடியே நின்றுவிட்டது. துருத்தியை அசைத்தாலே அந்தச் சுரம் விடாமல் ஒலித்தது. பெட்டியைப் பிரித்துப் பார்க்க நேரமில்லை. நான் வேடத்தோடு திரைக்குப் பின்னால் நிற்கிறேன். என் மகன் பெட்டியை எட்டிப் பார்த்துவிட்டு, “அம்மா நாலு கட்டையில்தானே பாடும்? இன்றைக்கு நாலரையில் தொடங்குங்கள் மாமா. ஒட்டிக்கொண்டது ஒன்றரைக் கட்டை, அது பஞ்சமமாகிவிடும்” என்று சொல்லியிருக்கிறான். ஆதாரச் சுரமான சட்ஜத்தோடு சேர்ந்தே ஒலித்தாலும் பஞ்சமம் இடிக்காதே! ஆர்மோனிய அண்ணன் அப்படியே செய்தார். கூட்டத்தில் ஒருவருக்கும் எதுவும் தெரியவில்லை.

அன்று முதல் அண்ணன் அவனை விடவில்லை. இந்தப் பங்குனியிலிருந்து நாடகத்துக்கு அழைத்து வரச் சொல்கிறார். பாதி இரவு அவனை வாசிக்கவைப்பதாகவும் அதற்குத் தனியாகச் சம்பளம் வாங்கித் தருவதாகவும் சொல்கிறார். “வித்தையும் ஆயிற்று, வீட்டுக்கும் ஆயிற்று” என்கிறார். எனக்குக் கடன் இருக்கிறது. பொய் சொல்ல விரும்பவில்லை, அந்தப் பணம் எனக்கு உதவும். இன்னொரு பக்கம், அவனுக்கு வாய்ப்பாட்டுச் சொல்லித் தரும் ஆசிரியர், ஆர்மோனியத்தைத் தொட்டாலும் நாடகப் பாட்டுப் பாடினாலும் ஞானம் கெட்டுவிடும், இரண்டையும் நிறுத்தினால்தான் வகுப்பு என்கிறார். பள்ளிக்கூடத்தில் அவனைக் ‘கூத்தாடி மகன்’ என்று கேலி செய்கிறார்கள். என் தொழில்தான் என் பிள்ளைக்குத் தடையா? நான் என்ன செய்ய வேண்டும்?

பதில்: அன்புச் சகோதரி, ஒட்டிக்கொண்ட கட்டையைப் பஞ்சமமாக்கிக்கொள்ளலாம் என்று ஒரு பதினொரு வயதுப் பிள்ளைக்குத் தோன்றியது சாதாரணமான காரியமன்று. சுரத்தைக் கேட்டு இன்னது என்று அடையாளம் சொல்லும் பிள்ளைகளை நான் நிறையப் பார்த்திருக்கிறேன். ஒலிக்கும் ஒரு சுரத்தை நிலையாக வைத்துக்கொண்டு, அதற்கு ஏற்ப ஆதார சட்ஜத்தையே மாற்றிப் பார்க்கிற மனம் மிக அரிது. அது உங்கள் தொழிலால் கெட்ட ஞானமன்று. உங்கள் தொழில் கொடுத்த ஞானம். ஆர்மோனியத்துக்குப் பக்கத்தில் விரித்த துண்டில் படுத்துக் கேட்டுக் கேட்டு வந்தது. ஆகவே உங்கள் கடைசிக் கேள்விக்கு முதலில் விடை சொல்லிவிடுகிறேன்: உங்கள் தொழில் தடையில்லை.

ஆனால் பங்குனியில் அவனைச் சம்பளத்துக்கு வாசிக்க அனுப்பாதீர்கள். கடன் இருக்கும்போது இப்படிச் சொல்வது எளிது என்று நீங்கள் நினைக்கக்கூடும். என்றாலும் இதில் எனக்கு இரண்டாம் கருத்து இல்லை. பிள்ளையின் வாசிப்பு ஒரு முறை வீட்டுக் கணக்கில் வரவாக ஏறிவிட்டால், அதைத் திரும்ப எடுக்க எந்தத் தாயாலும் முடிவதில்லை. முதல் ஆண்டு அது உபரி. இரண்டாம் ஆண்டு அதை நம்பிச் சீட்டுக் கட்டுவோம். மூன்றாம் ஆண்டு தேர்வுக்காக ஒரு தேதியை விடுவது குடும்பத்துக்கு நட்டமாகத் தெரியும். அவன் கற்றுக்கொள்ள வேண்டிய வயதில், ஏற்கெனவே தெரிந்ததையே இரவெல்லாம் திரும்பத் திரும்ப வாசித்துக்கொண்டிருப்பான். கூட்டம் கைதட்டும் இடங்களைக் கை தானாகத் தேடிப் போகும். பதினாறு வயதில் கெட்டிக்கார வாத்தியக்காரனாக இருப்பான். இருபத்தாறிலும் அதே இடத்தில்தான் இருப்பான்.

சட்டமும் இதற்கு எளிதில் இடம் தரவில்லை. குழந்தைக் கலைஞர்களுக்கு அனுமதியோடும் நிபந்தனைகளோடும் தரும் விலக்கைத் தவிர, பதினான்கு வயது நிறையாத பிள்ளையைச் சம்பளத்துக்கு அமர்த்துவது குற்றம். வீட்டுத் தொழிலில் கைகொடுப்பதற்குக்கூடப் பள்ளி நேரத்திலும், இரவு 7 மணி முதல் காலை 8 மணி வரையிலும் அனுமதி கிடையாது. நாடகம் நடக்கிற நேரம் முழுவதும் இந்தத் தடைக்குள்தான் வருகிறது.

உங்கள் உலகத்திலேயே எதிர் உதாரணம் சொல்வார்கள். கொடுமுடியில் 1908-இல் பிறந்த கே.பி. சுந்தராம்பாள் சிறு வயதிலேயே தந்தையை இழந்து, வறுமையின் காரணமாகப் பாடத் தொடங்கி, நாடகக் குழுவில் சேர்ந்துதான் அந்த உயரத்தை அடைந்தார் என்பார்கள். செங்கோட்டைக் கிட்டப்பாவும் பள்ளிக்கூடம் போக வேண்டிய வயதில் மேடை ஏறியவர்தான். உண்மை. கிட்டப்பா 1933-இல் மறைந்தபோது அவருக்கு 27 வயது என்பதையும் சேர்த்து நினைத்துக்கொள்ளுங்கள். பசிதான் மேதைகளை உண்டாக்கியது என்று பேசுகிறவர்கள், அதே பசியோடு சிறுவர்களை வைத்தே நாடகம் நடத்திய அதே பாய்ஸ் கம்பெனிகளில் சேர்ந்து, மகரக்கட்டு, அதாவது பருவ வயதில் குரல், உடைந்த அன்று வேடம் பறிபோய், ஊர் திரும்ப ரயில் கட்டணமும் இல்லாமல் நின்ற பிள்ளைகளை எந்தக் கணக்கிலும் சேர்ப்பதில்லை.

மகரக்கட்டு என்றதும் நினைவுக்கு வருகிறது. உங்கள் மகனுக்கு இன்னும் ஓரிரு ஆண்டுகளில் குரல் உடையத் தொடங்கும். அந்தக் காலத்தில் அவனை உச்ச ஸ்தாயியில் பாடச் சொல்லி யார் கேட்டாலும் மறுத்துவிடுங்கள். சுருதியை இறக்கிக்கொண்டு, குரல் எட்டுகிற இடத்துக்குள் மட்டும் மெல்லப் பாடட்டும். ஆர்மோனியம் கையில் இருப்பது அப்போது பெரிய ஆறுதலாக இருக்கும். குரல் ஒத்துழைக்காத மாதங்களிலும் அவன் இசையைவிட்டு விலக மாட்டான்.

இனி ஆசிரியர் சொன்னதைப் பார்ப்போம். அவருடைய அச்சத்தில் பாதி நியாயம் உண்டு. ஆர்மோனியத்தின் கட்டைகள் அசையாதவை. தோடி ராகத்தின் காந்தாரச் சுரம் ஓர் இடத்தில் நிற்காமல் அசைந்துகொண்டே இருப்பது. கட்டையை அழுத்தினால் அந்த அசைவு வராது. இந்தக் குறையைக் காரணம் காட்டித்தான் அகில இந்திய வானொலி 1940-இல் ஆர்மோனியத்துக்குத் தடை விதித்து 1971 வரை அதை நீட்டித்தது. எனவே பிள்ளை ஆர்மோனியத்தை மட்டுமே கேட்டுச் சுரம் பழகினால் காது கட்டைக்குக் கட்டை தாவப் பழகிவிடும் என்பது வீண் பயமில்லை. அதற்கு மருந்து ஆர்மோனியத்தைப் பூட்டி வைப்பதன்று. தம்பூராச் சுருதியை மட்டும் வைத்துக்கொண்டு, நாள்தோறும் முதலில் வாயால் பாட வேண்டும். கைபேசியில் வரும் சுருதிப் பெட்டியே போதும். தொடக்கப் பாடங்களான சரளி வரிசையும் ஜண்டை வரிசையும் மூன்று கால வேகத்திலும் குரலில் நின்ற பிறகுதான் ஆர்மோனியப் பெட்டியைத் திறக்க வேண்டும். பெட்டியில் வராததைத் தொண்டை பாட வேண்டும். எது பெட்டியில் வரவில்லை என்பதையும் அவனே கண்டுபிடிக்க வேண்டும். கட்டை ஒட்டிக்கொண்ட இரவில் அவன் செய்ததும் இத்தகைய வேலைதானே!

நாடகப் பாட்டுப் பாடினால் ஞானம் கெடும் என்பதில் மட்டும் நியாயமே இல்லை. நாடக ஆசிரியர் சங்கரதாஸ் சுவாமிகள் எழுதி வைத்த பாட்டுகள் ராகத்தில் நிற்பவை, தாளத்தில் அடங்குபவை. கிட்டப்பா பாடிய தியாகராஜர் கிருதியின் இசைத்தட்டை வித்துவான்களே தேடிக் கேட்டார்கள். மேடையில் ஆள் மாற ஆள் மாறச் சுருதியை மாற்றி, கதாநாயகனாகிய ராஜபார்ட் எங்கே எடுத்தாலும் பிடித்துக்கொண்டு போகிற நாடக ஆர்மோனியக்காரரின் வித்தை வேறெங்கும் கிடைக்காது. ஆகவே அந்த அண்ணனைக் குருவாக வைத்துக்கொள்ளுங்கள். வெற்றிலை பாக்கு தட்சிணையோடு முறையாகக் கேளுங்கள். நாடகம் இல்லாத மாதங்களில், பகலில், வாரம் இருமுறை சொல்லித் தரட்டும். “இவன் உங்கள் பிள்ளை. பதினெட்டு வயதில் உங்கள் இடத்தில் உட்காரட்டும். அதுவரை மேடையில் வேண்டாம் அண்ணே” என்று சொல்லுங்கள். நல்ல மனிதர் என்று உங்கள் கடிதத்திலேயே தெரிகிறது, புரிந்துகொள்வார். வாய்ப்பாட்டு ஆசிரியர் பிடிவாதமாக நின்றால் ஆசிரியரை மாற்றுவதில் தவறில்லை. பிள்ளையின் தாயைத் தாழ்வாக நினைக்கும் ஒருவரிடம் பிள்ளை எத்தனை நாள் நிமிர்ந்து உட்கார்ந்து கற்கும்?

செலவுக்கு வழிகள் உண்டு. கலை பண்பாட்டுத் துறையின் ஜவஹர் சிறுவர் மன்றம் மதுரையிலும் இருக்கிறது. 5 முதல் 16 வயது வரையுள்ள பிள்ளைகளுக்கு வார இறுதியில் வகுப்பு, கட்டணம் சொற்பம். மாவட்ட அரசு இசைப் பள்ளி 12 வயதில் சேர்த்துக்கொள்ளும், மூன்றாண்டுப் படிப்பு. ஆனால் அது பகல் முழுவதும் நடப்பதால் இப்போது பள்ளிக்கூடத்தைவிட்டு அங்கே சேர்க்க வேண்டாம். பள்ளிப் படிப்பு முடிந்தபின் பசுமலையில் அரசு இசைக் கல்லூரியே உங்கள் ஊர்ப் பக்கத்தில் இருக்கிறது. மத்திய அரசின் கலைத்திறன் உதவித்தொகைக்கு 10 முதல் 14 வயதுக்குள் விண்ணப்பிக்க வேண்டும். உங்கள் மகனுக்கு இப்போதே அந்த வயது, தள்ளிப்போடாதீர்கள். நாட்டுப்புறக் கலைஞர்கள் நல வாரியத்தில் உறுப்பினராகிவிட்டால் பிள்ளைகளின் கல்விக்கு உதவி உண்டு. உங்கள் நாடக நடிகர் சங்கத்தில் விசாரித்துப் பதிவுசெய்துகொள்ளுங்கள்.

உங்களைப் போல நாடகக் கம்பெனியில் வளர்ந்த ஒரு தாயைப் பற்றிச் சொல்ல வேண்டும். கோவாவில் குர்டி என்ற சிற்றூரில் 1904-இல் பிறந்த மோகுபாய் குர்டிகர், சிறு பெண்ணாக இருந்தபோதே நாடகக் குழுக்களில் நடித்துப் பாடியவர். பின்னர் ஜெய்ப்பூர் மரபின் பெரிய உஸ்தாத் அல்லாதியா கானிடம் கற்று இந்துஸ்தானிப் பாடகியானார். 1939-இல் கணவர் இறந்தபோது மூன்று சிறு பிள்ளைகள். கச்சேரி செய்தும் பாட்டுச் சொல்லிக் கொடுத்தும் குடும்பத்தை நடத்தினார். கச்சேரிக்கு அழைத்தவர்கள் அம்மாவை மரியாதையாக நடத்தாததையும் குறைவாகப் பணம் கொடுத்ததையும் உடன் சென்ற மகள் பார்த்துக்கொண்டிருந்தாள். அந்த மகள்தான் கிஷோரி அமோன்கர். வீட்டில் அவ்வளவு நெருக்கடி இருந்தும் மோகுபாய் மகளின் குரலைச் சந்தைக்கு அனுப்ப அவசரப்படவில்லை. தம்பூராவை மீட்டிக்கொண்டு அம்மாவின் பின்னால் உட்கார வைத்தார். தாம் கற்ற மரபோடு நிறுத்திக்கொள்ளாமல், வேறொரு மரபைச் சேர்ந்த அஞ்சனிபாய் மால்பேகரிடமும் அனுப்பினார். மகள் வளர்ந்து சினிமாவில் பாடிய காலத்தில், அப்படிப் பாடுவதானால் என்னுடைய இரண்டு தம்பூராக்களையும் தொடாதே என்று சொல்லிவிட்டாராம். அந்தக் கடுமை எனக்குச் சற்று அதிகமாகவே படுகிறது. ஆயினும் பணமில்லாத வீட்டில் ஒரு தாய் அப்படிச் சொல்ல முடிந்தது என்பதை நான் பலமுறை நினைத்துப் பார்த்ததுண்டு.

நேரத்தைப் பற்றி ஒன்று. விடிந்து வீடு வரும் உங்களால் காலையில் அவனுடைய பாட்டுச் சாதகத்துக்கு உடன் உட்கார முடியாது. அதற்காக வருந்த வேண்டியதில்லை. அவன் பள்ளியிலிருந்து வருவதற்கும் நீங்கள் வேன் ஏறுவதற்கும் நடுவில் மாலை நேரம் இருக்கிறது. அன்று படித்ததை அவன் பாட, நீங்கள் காப்பித் தம்ளரோடு உட்கார்ந்து கேளுங்கள். திருத்தாதீர்கள், கேளுங்கள். அதன் பிறகு வள்ளி திருமணத்தில் உங்கள் தர்க்கப் பாட்டு ஒன்றைச் சொல்லிக் கொடுங்கள். உங்கள் மனத்தில் இருக்கும் மெட்டுகள் எந்தப் பாடப் புத்தகத்திலும் கிடைக்காது. கேலி செய்யும் பிள்ளைகளைப் பொறுத்தவரை, தலைமையாசிரியரை நேரில் பார்த்து, பள்ளி ஆண்டுவிழாவில் உங்களையே ஒரு காட்சி நடிக்க அழைக்கும்படி கேளுங்கள். மகனே ஆர்மோனியம் வாசிக்கட்டும். அதற்குச் சம்பளம் இல்லை என்பதால் எனக்கு ஆட்சேபணையும் இல்லை.

கேள்வி: நான் சென்னையில் தொலைக்காட்சித் தொடர்களில் நடிக்கிறேன். விவாகரத்தானவள். மகளுக்கு ஒன்பது வயது. என் அம்மாதான் பார்த்துக்கொள்கிறார். நான் நடித்த தொடரின் பழைய எபிசோடு ஒன்றை யாரோ அனுமதியின்றி இணையத்தில் ஏற்றியிருந்தார்கள். அதைப் பார்த்த மகள், “டைட்டில் பாட்டு அரைக் கட்டை ஏறியிருக்கிறது” என்றாள். எங்கள் எடிட்டரிடம் கேட்டேன். மாட்டிக்கொள்ளாமல் இருக்க வேகத்தைக் கூட்டி ஏற்றியிருப்பார்கள் என்றார். அவள் கர்நாடக சங்கீதம் கற்கிறாள். இப்போது எங்கள் சேனலிலேயே சிறுவர் பாட்டுப் போட்டிக்கு அவளைக் கேட்கிறார்கள். ‘நடிகையின் மகள்’ என்று என்னோடு சேர்த்து விளம்பரம் செய்வார்களாம். மறுத்தால் என் தொடருக்குப் பாதிப்பு வருமோ என்று பயமாக இருக்கிறது. காலை ஒன்பதிலிருந்து இரவு ஒன்பது வரை கால்ஷீட். நான் வரும்போது அவள் தூங்கியிருப்பாள். போட்டியில் சேர்ந்தால் செட்டிலாவது அவளோடு இருக்கலாமே என்ற ஆசையும் இருக்கிறது.

பதில்: உங்கள் கடிதத்தின் கடைசி வரிதான் என்னைப் பிடித்து நிறுத்தியது. உங்கள் நகரத்திலேயே இப்படி ஒரு தாயும் மகளும் இருந்தார்கள். நடிகை சந்தியா 1950-இல் கணவரை இழந்தவர். சிறு மகளைப் பெங்களூரில் பாட்டி வீட்டில் விட்டுவிட்டுச் சென்னையில் படங்களில் நடித்தார். அந்த மகளே பின்னாளில் ஜெயலலிதாவாக 1999-இல் ஒரு தொலைக்காட்சிப் பேட்டியில் அந்த நாள்களைப் பற்றிப் பேசினார். ஊருக்கு வரும் அம்மா திரும்பிப் போய்விடக் கூடாது என்று, அம்மாவின் சேலைத் தலைப்பைக் கையில் சுற்றிக்கொண்டு தூங்குவாராம். அம்மா சேலையை மெல்லக் கழற்றிவிட, அம்மாவின் சகோதரி அதைச் சுற்றிக்கொண்டு பக்கத்தில் படுத்துக்கொள்வாராம். விழித்துப் பார்த்தால் அம்மா இருக்க மாட்டார். பாட்டு, பியானோ, நடனம் எல்லாம் அந்தத் தாய் கற்பித்தார்; 1960-இல் மயிலாப்பூர் ரசிக ரஞ்சனி சபாவில் அரங்கேற்றமும் நடந்தது. ஆனால் மகள் பள்ளிப் படிப்பைச் சிறப்பாக முடித்து மேலே படிக்க விரும்பியபோது, வீட்டு நிலைமையை முன்னிட்டு நடிக்க அழைத்துவந்தார். அதற்குப் பிறகு நடந்தவை நாடறிந்தவை. அந்த வெற்றிகளைச் சொல்லி மகளின் அந்த மனக்குறையை இல்லையென்று ஆக்கிவிட முடியாது. பேட்டியில் அவருடைய குரலிலேயே அது இருந்தது.

செட்டில் ஒன்றாக இருப்பது சேர்ந்து இருப்பதாகாது. உங்களுக்கு அது தெரியாததல்ல. விளக்குப் போட்டு, டச்-அப் செய்து, கேமரா சுற்ற, “அம்மாவைப் பற்றி ரெண்டு வார்த்தை சொல்லும்மா” என்று கேட்டு, நீங்கள் இருவரும் அழும்வரை விடமாட்டார்கள். உங்கள் பிரிவும் அதில் கதையாகிவிடும். ஒன்பது வயதுப் பெண்ணின் பாட்டுக்கு அந்தக் கண்ணீர் தேவையில்லை. இப்போது வேண்டாம் என்பதே என் விடை. போட்டிகள் எல்லாமே நஞ்சு என்று நான் சொல்லவில்லை. பதினான்கு, பதினைந்து வயதில் அவளே கேட்டால், தோற்றாலும் தாங்கிக்கொள்ளும் பக்குவத்தோடு போகலாம். சேனலிடம் காரணத்தை நீட்டி முழக்க வேண்டாம். “பள்ளியும் பாட்டு வகுப்பும் இருக்கின்றன, சில ஆண்டுகள் கழித்துப் பார்க்கலாம்” என்று ஒரு வரி போதும். தொடருக்கான ஒப்பந்தம் உங்களுடையது, அதில் மகளின் பெயர் இல்லை, இல்லாமலே இருக்கட்டும்.

அப்படியும் சேர்க்க நேர்ந்தால் சட்டம் என்ன சொல்கிறது என்று தெரிந்துகொண்டு போங்கள், ஏனென்றால் தயாரிப்புத் தரப்பு தானாக முன்வந்து சொல்லாது. குழந்தைத் தொழிலாளர் சட்டத்தின் கீழ் 2017-இல் வந்த விதிகளின்படி, குழந்தைக் கலைஞரை ஒரு நாளில் ஐந்து மணி நேரத்துக்கு மேலும், ஓய்வில்லாமல் மூன்று மணி நேரத்துக்கு மேலும் பணியில் வைக்கக் கூடாது. தொடர்ந்து 27 நாள்களுக்கு மேல் கூடாது. மாவட்ட ஆட்சியரின் அனுமதி பெற வேண்டும். பள்ளிப் படிப்பு தடைபடக் கூடாது. குழந்தையின் வருமானத்தில் குறைந்தது 20 விழுக்காட்டைத் தேசியமயமாக்கப்பட்ட வங்கியில் அவள் பெயரில் வைப்பு நிதியாகப் போட வேண்டும். பதினெட்டு வயதில் அது அவள் கைக்கு வர வேண்டும். என்னைக் கேட்டால் 20 அன்று, நூறையும் போட்டுவிடுங்கள். மகளின் பணத்தில் ஒரு மாத வாடகை கூடக் கட்டாத தாயால்தான், அவளுக்குத் தொண்டை கட்டியிருக்கும் நாளில் தயக்கமின்றி ‘இன்று முடியாது’ என்று சொல்ல முடியும்.

தொண்டையைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். இத்தகைய போட்டிகளில் பெரியவர்கள் பாடிய சினிமாப் பாட்டை அதே சுருதியில் கரோக்கியாகப் போட்டுப் பிள்ளைகளைப் பாடவைப்பது உண்டு. கீழே இறங்கும் இடத்தில் குரல் எட்டாது, மேலே போகும் இடத்தில் கத்துவார்கள். டிராக்கின் சுருதியைக் கணினியில் மாற்றுவது நிமிட வேலை. அதைச் செய்யச் சொல்லிக் கேளுங்கள். குரல் கரகரப்பு இரண்டு வாரத்துக்கு மேல் நீடித்தால் கஷாயத்தோடு நிறுத்தாமல் காது மூக்குத் தொண்டை மருத்துவரிடம் காட்டிவிடுங்கள்.

டைட்டில் பாட்டில் அரைக் கட்டை வேறுபாட்டைத் துணைக் கருவியின்றி அவள் கண்டுபிடித்தது அரிய காதுதான். பத்தாயிரத்தில் ஒருவருக்கு என்று பொதுவாகச் சொல்வார்கள். ஆனால் நம் சங்கீதத்தில் சட்ஜத்தை எங்கே வைத்தாலும் அங்கிருந்து பாட வேண்டும். இப்படிப்பட்ட காது உள்ள சில பிள்ளைகள் ஐந்து கட்டையில் கற்ற பாட்டை ஐந்தரையில் பாடச் சொன்னால் தடுமாறுவார்கள். ஆசிரியரிடம் சொல்லி, வாரத்தில் ஒரு நாள் சுருதியை மாற்றிப் பாடவைக்கச் சொல்லுங்கள். அதை விருந்தாளிகள் முன்னால் வித்தையாகக் காட்டாதீர்கள்.

இரவு ஒன்பதுக்கு முடியும் கால்ஷீட்டுக்கு நான் என்ன வழி சொல்ல முடியும்? வாரத்தில் ஒரு நாளாவது முன்னதாக விடும்படி யூனிட் மேனேஜரிடம் கேளுங்கள். கதையில் உங்கள் பாத்திரத்துக்கு முக்கியத்துவம் இருக்கும்போதே கேட்டால்தான் கிடைக்கும். மற்ற நாள்களில், மதிய இடைவேளையில் அவள் அன்று பாடியதைப் பாட்டி கைபேசியில் பதிந்து அனுப்பட்டும். நீங்கள் முழுவதும் கேட்டுவிட்டுப் பதிலையும் குரலிலேயே அனுப்புங்கள். நன்றாக இருந்தது என்று மட்டும் சொல்லாமல், “மூன்றாவது சங்கதியில் மூச்சு எடுத்தாயே” என்று குறிப்பாகச் சொல்லுங்கள். வசனத்தில் எங்கே மூச்சு எடுப்பது என்று அறிந்தவர்தானே நீங்கள். அம்மா முழுவதும் கேட்டிருக்கிறாள் என்று பிள்ளைக்கு அப்போது தெரிந்துவிடும்.

கேள்வி: கோவையில் வசிக்கிறேன், படங்களில் துணை நடிகை. பதின்மூன்று வயது மகன் மிருதங்கம் வாசிக்கிறான். அவனுடைய குரு சிங்கப்பூரில் ஒரு கோயில் விழாவுக்குத் தம் மாணவர்களை அழைத்துப் போகிறார். கணவரைப் பிரிந்திருக்கிறேன்; நீதிமன்றம் போகவில்லை; அவர் கையெழுத்திட மறுக்கிறார். பாஸ்போர்ட் எடுக்க முடியுமா?

பதில்: முடியும். தந்தை உயிரோடு இருக்கும்போதே தாயும் இயற்கைப் பாதுகாவலராக இருக்கலாம் என்று கீதா ஹரிஹரன் வழக்கில் 1999-இல் உச்ச நீதிமன்றம் விளக்கிவிட்டது. 2016 டிசம்பரில் மாற்றிய பாஸ்போர்ட் விதிகளின்படி பெற்றோரில் ஒருவர் பெயரைக் கொடுத்தாலே போதும். மற்றவரின் சம்மதம் கிடைக்காத நிலையில், பிள்ளை உங்கள் பொறுப்பில் இருப்பதையும் சம்மதம் கிடைக்காத காரணத்தையும் குறிப்பிட்டு இணைப்பு ‘சி’ உறுதிமொழியை நிரப்பிக் கையெழுத்திடுங்கள். பிள்ளையின் பள்ளிச் சான்றும் முகவரிச் சான்றும் உங்கள் பெயரில் ஒத்துப்போகின்றனவா என்று முன்னதாகவே பார்த்துக்கொள்ளுங்கள். பெரும்பாலும் தாமதம் அங்கேதான் நேர்கிறது. பயணம் முடிந்த பிறகு வழக்கறிஞரைப் பார்த்துப் பிள்ளையின் பொறுப்பை நீதிமன்ற உத்தரவாகவே பெற்றுக்கொள்வது, அடுத்தடுத்த பயணங்களுக்கு நல்லது.

சிங்கப்பூரில் பிள்ளைகள் மேடை ஏறுவதற்கு அனுமதி ஏதும் தேவையா என்று அழைப்பவர்களிடம் குருவின் மூலம் எழுத்தில் கேட்டு வாங்குங்கள். அங்கே தரும் சன்மானம் எவ்வளவானாலும் அவன் பெயரில் வங்கியில் போடுங்கள். மிருதங்கத்தை வாத்தியப் பெட்டியில் வைத்து அனுப்பும்போது வார்களை ரொம்பவும் இறுக்கிய நிலையில் விடாதீர்கள். விமானத்திலும் குளிரூட்டிய அரங்கிலும் தோல் எப்படி மாறும் என்பது குருவுக்குத் தெரியும், அவரிடம் கேட்டுச் செய்யுங்கள். மிருதங்கத்தின் இடப்பக்கமான தொப்பியில் அப்புவதற்கான ரவையை மட்டும் இங்கிருந்தே ஒரு டப்பாவில் எடுத்துப் போகச் சொல்லுங்கள்.